கோணவாயன் காத்திருக்கவில்லை

அத்தியாயம் ஒன்பது

"அவகிட்ட சொல்லுங்க. கார் இன்னும் பத்து நிமிஷத்துல கிளம்புது" என்றாள் கத்திரி, ரொட்டியில் வெண்ணெய் தடவிக்கொண்டே.

'அவ' மேஜைக்கு அந்தப் பக்கம், கை நீட்டினால் தொடுகிற தூரத்தில் உட்கார்ந்திருந்தாள்.

"மாமா, எனக்கு ரெண்டு காது இருக்கு, ரெண்டும் நல்லாவே வேலை செய்யுதுன்னு சொல்லிடுங்க" என்றாள் தங்கை.

நடுவில் அகப்பட்டுக்கொண்டிருந்த மனிதர் மனைவி பக்கம் திரும்பினார். "என்னன்னா, அவ சொல்றா..."

"கேட்டுச்சு!" என்றார்கள் இருவரும் ஒரே குரலில்.

இரண்டு வாரமாக அந்த வீட்டில் இதே கதைதான். போன இதழைத் தவறவிட்டவர்களுக்கு ஒரே வரியில் சொன்னால், அக்கா தங்கையின் பாட்டை வெட்டிவிட்டாள்.

கத்திரி என்பது அலுவலகத்தில் ஒட்டிக்கொண்ட பெயர். பொதுத் தொலைக்காட்சியின் குழந்தைகள் பிரிவில் அவள் எடிட்டர். எடுத்ததில் எது நிற்கும், எது போகும் என்பது அவள் விரல் நுனியில் இருந்தது. தங்கைக்கு அதே நிகழ்ச்சியில்தான் வேலை. மேஜைக்கு அடியில் ஒளிந்துகொண்டு பொம்மைக்குக் கையும் குரலும் கொடுப்பவள் அவள். கத்திரியின் கணவர் ஒலிப்பதிவாளர். சாப்பாட்டு மேஜையில் பேச வேறு விஷயமே கிடைக்காத குடும்பம்.

பொம்மையின் பெயர் கோணவாயன். சோபா உறையும் பழைய கோட்டும் சேர்த்துத் தைத்த நீர்யானை. தைத்தவர் அவசரத்தில் வாயைக் கோணலாக இழுத்துவிட்டார். அந்த வாய்க்காகவே பிள்ளைகள் அவன்மேல் உயிரை விட்டார்கள். கோணவாயன் எதையும் தப்பாகத்தான் சொல்வான். வீட்டில் பார்த்துக்கொண்டிருக்கிற பிள்ளைகள் கத்தித் திருத்த வேண்டும்.

அவன் மூன்று சரணம் பாடிய முடிவுப் பாட்டை, கத்திரி நாற்பது நொடியாகச் சுருக்கினாள். சுருக்கியது கூடப் பெரிதில்லை. தங்கையிடம் சொல்ல மறந்தாள். தோழிகளை எல்லாம் வீட்டுக்கு அழைத்து, "இப்ப வரும் பாருங்க, இப்ப வரும் பாருங்க" என்று சொல்லிக்கொண்டிருந்த தங்கை, டிவியில் பாட்டு வந்த வேகத்தில் போனதையும் பார்த்தாள். அன்றைக்கு மூடிய வாய், அக்காவிடம் இன்னும் திறக்கவில்லை.

காரில் மூன்று பேரும் ஏறினார்கள். முன் சீட்டில் கணவர், பின் சீட்டில் தங்கை, அவள் மடியில் பையோடு கோணவாயன். கத்திரிதான் ஓட்டினாள். கண்ணாடியில் பார்த்தால் பின்னாலிருந்து பொம்மைதான் அவளை முறைத்தது.

அவளுக்கு அதைப் பற்றியெல்லாம் நினைக்க நேரமில்லை. ஸ்டியரிங்கில் விரல்கள் தாளம் போட்டன. பயமா, உற்சாகமா என்று அவளுக்கே தெரியவில்லை. பரீட்சை எழுதப் போகிற பிள்ளைக்கு வருமே, அந்த மாதிரி.

பரீட்சையேதான். நிலையத்துக்குப் புதிதாக வந்திருக்கிற தலைவி செய்திப் பிரிவிலிருந்து வந்தவர். ஒவ்வொரு வாக்கியத்துக்கும் மணிக்கட்டைத் திருப்பிப் பார்ப்பார். ஊழியர்கள் வைத்த பெயர் 'கடிகாரம்'. குழந்தைகள் நிகழ்ச்சிகள் ஜவ்வாக இழுக்கின்றன என்பது அவர் கட்சி. இன்றைக்கு ஒரு பள்ளிக்கூடத்திலிருந்து முதல் வகுப்புப் பிள்ளைகளை வரவழைத்து, புதிய பகுதியைப் போட்டுக் காட்டப் போகிறார்கள். பிள்ளைகள் ஒட்டிக்கொண்டு பார்த்தால் கோணவாயன் பிழைத்தான். நெளிந்தால், அடுத்த மாதத்திலிருந்து அந்த அரைமணி நேரத்தில் எங்கிருந்தோ வாங்கிய கார்ட்டூன் ஓடும்.

"படத்தோட காப்பி அரங்கத்துக்குப் போய்ச் சேர்ந்துடுச்சா?" என்று கேட்டாள் கத்திரி.

"நேத்தே அனுப்பிட்டேன். தண்ணித் தொட்டி மோட்டார் சத்தம் உள்ளே ங்ஙொய்னு கேட்டுச்சு. செய்தி ரூம்ல புது மென்பொருள் வந்திருக்கில்ல, அதுல போட்டு சுத்தம் பண்ணிட்டேன். இப்ப கண்ணாடி மாதிரி இருக்கு!"

அவர் முகத்தில் அப்படி ஒரு பெருமை.

*

சிறிய அரங்கம் சந்தை மாதிரி இருந்தது. பிள்ளைகள் தரையில் விரித்த ஜமுக்காளத்தில் உட்கார்ந்து, எழுந்து, மறுபடி உட்கார்ந்து, பக்கத்துப் பிள்ளையின் ஷூ நாடாவை அவிழ்த்துக்கொண்டிருந்தார்கள். முன்வரிசையில் முன்பல் இரண்டும் விழுந்த ஒரு சிறுமி, திரையில் எதுவும் வராதபோதே திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கத்திரிக்கு அவளை உடனே பிடித்துப்போயிற்று.

ஓரத்தில் கருப்புத் திரைச்சீலை. அதற்குப் பின்னால் ஒரு மேஜை, கணினி, கணவர். பக்கத்தில் குட்டை ஸ்டூலில் தங்கை, கையில் கோணவாயன். படம் முடிந்ததும் பொம்மை வெளியே வந்து பிள்ளைகளோடு கைகுலுக்குவதாக ஏற்பாடு.

கத்திரி அரங்கத்தின் பின்சுவரில் சாய்ந்து நின்றாள். இதுதான் அவளுக்குப் பிடித்த இடம். திரையை அவள் பார்க்கமாட்டாள். பின்னந்தலைகளைத்தான் பார்ப்பாள். எந்தத் தலை எப்போது திரும்புகிறது என்று பார்த்தாலே, எங்கே வெட்டியது சரி, எங்கே தப்பு என்று தெரிந்துவிடும்.

விளக்கு அணைந்தது. திரையில் கோணவாயன், முன்னால் ஒரு பெரிய தொட்டி நிறையத் தண்ணீர்.

"வணக்கம்! இன்னைக்கு நான் எல்லாத்தையும் தண்ணியில போடப் போறேன். அம்மாகிட்ட சொல்லிடாதீங்க!"

சிரிப்பு அலையாகப் போயிற்று. பின்னந்தலைகள் எல்லாம் ஒரே திசையில். கத்திரி உள்ளுக்குள் கைதட்டினாள்.

கோணவாயன் ஒரு சாவியைத் தூக்கினான். "இந்தச் சாவி மிதக்குமா, மூழ்குமா?"

இங்கேதான் மூச்சு.

அந்தப் பெயரை வைத்தவளும் கத்திரிதான். கேள்வி கேட்டதும் கோணவாயன் தலையைச் சாய்த்து, கோணல் வாயைத் திறந்தபடி சும்மா இருப்பான். வீட்டில் இருக்கிற பிள்ளை யோசித்து, பக்கத்தில் இருப்பவர்களைப் பார்த்து, தைரியம் வந்து, கத்துவதற்கான நேரம் அது. சாவிக்கு ஒரு மூச்சு. தக்கைக்கு ஒரு மூச்சு. ஆரஞ்சுப் பழத்துக்கு இரண்டரை. ஒவ்வொன்றையும் தானே கண்ணை மூடி, பிள்ளையாக மாறி, மூச்சு விட்டுப் பார்த்து அளந்து வைத்திருந்தாள்.

"...மூழ்குமா? ஆமா, சரியாச் சொன்னீங்க!" என்றான் திரையில் கோணவாயன்.

தொப்பென்று சாவி விழுந்தது.

கத்திரி சுவரிலிருந்து நிமிர்ந்தாள். மூச்சு எங்கே?

"இந்தத் தக்கை மிதக்குமா மூழ்குமா? அட, எப்படிக் கண்டுபிடிச்சீங்க!"

இரண்டு மூன்று பிள்ளைகள் பாதியில் திறந்த வாயை மூடிக்கொண்டார்கள். ஒரு தலை திரும்பியது. பிறகு இன்னொன்று.

"இந்த மரக்கரண்டி மிதக்குமா மூழ்குமா? சபாஷ், நீங்க கெட்டிக்காரங்க!"

முன்பல் இல்லாத சிறுமி எழுந்தே நின்றுவிட்டாள். "நாங்க இன்னும் சொல்லவே இல்லை!" என்று திரையைப் பார்த்துக் கத்தினாள்.

கோணவாயன் அவளை மதிக்காமல் பேசிக்கொண்டே போனான். கடிகாரம் மணிக்கட்டைத் திருப்பிப் பார்த்துவிட்டு, பக்கத்தில் இருந்தவரிடம், "பரவாயில்லையே, நல்லா விறுவிறுன்னு போகுதே" என்றார். ஆனால் அவர் கண்ணும் பிள்ளைகள் பக்கம்தான் இருந்தது. ஜமுக்காளத்தில் ஷூ நாடா வேலை மறுபடி ஆரம்பமாகியிருந்தது.

கத்திரி ஓடினாள். குனிந்து, சுவரோரமாக, யாருடைய தண்ணீர் பாட்டிலையோ தட்டிவிட்டு, திரைச்சீலைக்குள் பாய்ந்தாள்.

*

"என்னங்க பண்ணி வச்சிருக்கீங்க?"

கணவர் முகம் சுண்ணாம்பாக வெளுத்திருந்தது. "மோட்டார் சத்தத்தை மட்டும்தாம்மா எடுக்கச் சொன்னேன். அதுல கீழே இன்னொரு கட்டம் இருந்திருக்கு. சத்தமில்லாத இடத்தைப் படத்தோட சேர்த்து நீக்குன்னு. செய்திக்காரங்க டிக் பண்ணி வச்சதை நான் பார்க்கலை."

"அனுப்புறதுக்கு முன்னாடி ஓட்டிப் பார்க்கலையா?"

"பார்க்க உட்கார்ந்தேன். ஹீட்டரை யார் அணைக்காம விட்டதுன்னு நீ எனக்கு போன் பண்ணின. வச்சதும் அவ பண்ணினா. அப்புறம் மறுபடி நீ. சரி, சண்டை முத்துதேன்னு வீட்டுக்கு ஓடி வந்துட்டேன்."

ஸ்டூலில் இருந்த தங்கை சட்டென்று பொம்மையின் காதைச் சரிசெய்ய ஆரம்பித்தாள்.

இரண்டு வாரமாக வீட்டில் கிடந்த மௌனத்தில் ஒரு நொடியைக் கூட நீக்க முடியாத மனிதர், நிகழ்ச்சியில் இருந்த மௌனத்தை ஒன்று விடாமல் நீக்கியிருந்தார்.

"சரியான காப்பி?"

"உன் எடிட் ரூம்ல. அந்தக் கட்டடம், மூணாவது மாடி. போய் எடுத்து வர்றதுக்குள்ள படமே முடிஞ்சுடும்."

திரையில் கோணவாயன் மெழுகுவத்தியைத் தூக்கினான். "இந்த மெழுகுவத்தி மிதக்குமா, மூழ்குமா..."

கத்திரியின் கை தானாகப் போனது. கணினியில் ஒரே தட்டு. படம் நின்றது.

ஒரு கணம் அரங்கம் அமைதி. அப்புறம் நாலு குரல் "மூழ்கும்!" என்றது. அதற்கு மேலே நாற்பது குரல்: "டிவி நின்னுபோச்சு! மிஸ், டிவி கெட்டுப்போச்சு!"

ஆமாம். மூச்சு வேறு, நின்றுபோவது வேறு. காத்திருக்கிற கோணவாயனுக்கு உயிர் இருக்கும். காது லேசாக ஆடும், வாய் அசையும். இவன் பிணம் மாதிரி விறைத்து நின்றான்.

கத்திரி திரும்பினாள். அசைகிற காது ஒரு முழத் தூரத்தில், தங்கையின் கையில் இருந்தது.

"என்னங்க, அவகிட்ட சொல்லுங்க..." என்று பழக்க தோஷத்தில் ஆரம்பித்தாள்.

"மாமா, நேரா பேசச் சொல்லுங்க" என்றாள் தங்கை, உதட்டைக் கடித்துக்கொண்டு.

"ஐயோ, வெளிய தீப்பிடிச்சு எரியுது, உள்ள ரெண்டும் தூது விட்டுக்கிட்டு இருக்கீங்களே!" என்றார் கணவர். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவர் குரல் இந்த உயரத்துக்குப் போனது இதுதான் முதல்முறை.

கத்திரி ஸ்டூலுக்கு முன்னால் முழங்காலிட்டாள்.

"ஏய் குட்டி. சொல்லாம வெட்டினது என் தப்பு. திட்டுறதை எல்லாம் வீட்டுல வச்சுத் திட்டு, முழுசாக் கேக்குறேன். இப்ப எனக்கு உன் கை வேணும். ஒவ்வொரு கேள்விக்கும் நான் படத்தை நிறுத்துறேன். நீ வெளிய போய்க் காத்திரு. பிள்ளைங்க கத்தி முடிக்கிற நேரம் பார்த்து நான் விட்டுடறேன்."

"நீ எப்ப விடுவேன்னு எனக்கு எப்படித் தெரியும்?"

"உனக்குத் தெரிய வேண்டாம். உன் மணிக்கட்டைப் பார்த்து எனக்குத் தெரியும். நீ பேசறதுக்கு முன்னாடி அது லேசா மேல ஏறும். அதை வச்சுத்தான் இத்தனை வருஷமா வெட்டிக்கிட்டு இருக்கேன்."

தங்கை தன் மணிக்கட்டையே புதிதாகப் பார்ப்பது போலப் பார்த்தாள். "இதை நீ சொன்னதே இல்லையே!"

"நீ கேட்டதே இல்லையே! போடி!"

*

திரைச்சீலை ஓரத்தில், அசல் கோணவாயனின் தலை எட்டிப் பார்த்தது.

அரங்கம் வீறிட்டது.

"உஷ்! பெரிய திரையில நிக்கிறான் பாருங்க, அவன் வாயைத் திறந்துக்கிட்டே தூங்கற ஜாதி. எழுப்பணும்னா நீங்கதான் கத்தணும். மெழுகுவத்தி மிதக்குமா, மூழ்குமா?"

தலை சாய்ந்தது. காது ஆடியது. கோணல் வாய் மெல்லத் திறந்துகொண்டது.

"மூழ்கும்!" "இல்லை, மிதக்கும்!" "மிதக்கும்! மிதக்கும்!"

சத்தம் ஏறியது. கத்திரி கணினியில் விரலை வைத்து, தங்கையின் மணிக்கட்டில் கண்ணை வைத்தாள். ஏறு, ஏறு, இன்னும் கொஞ்சம். மணிக்கட்டு அசைந்தது. தட்டினாள்.

"ஆமா, சரியாச் சொன்னீங்க!" என்றான் திரையில் கோணவாயன்.

கூரை பறந்துவிடும் போலிருந்தது. அவன் கேட்டுவிட்டான்! டிவியில் இருக்கிறவன் கேட்டுவிட்டான்! பிள்ளைகள் ஒருவரை ஒருவர் பிடித்து உலுக்கினார்கள். ஷூ நாடாக்களை எல்லோரும் மறந்தார்கள்.

அடுத்தது ஆப்பிள். நிறுத்தம், கூச்சல், தட்டு. அடுத்தது தோலோடு ஒரு ஆரஞ்சு. நிறுத்தம், கூச்சல், தட்டு. அது மிதந்தது. கத்திரிக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. இருட்டு அறையில் தனியாக உட்கார்ந்து, யாரோ ஒரு பிள்ளை எங்கோ கத்தும் என்று நம்பி நம்பி விட்ட மூச்சுகளுக்கு இன்றைக்கு நேரில் பதில் வந்துகொண்டிருந்தது. கணவர் பக்கத்தில் நின்று, இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு, ஒவ்வொரு தட்டுக்கும் துள்ளினார்.

கடைசிக் கேள்வி வந்தது. திரையில் கோணவாயன் ஆரஞ்சின் தோலை உரித்து எறிந்தான். "இப்ப இது லேசாயிடுச்சு. அப்ப இன்னும் ஜோரா மிதக்கும், இல்லையா? மிதக்குமா, மூழ்குமா?"

தட்டினாள். நின்றது.

அசல் கோணவாயன் தலையைச் சாய்த்தான்.

"மிதக்கும்!" என்றது பாதி அரங்கம். "கோணவாயன் சொன்னா தப்பாத்தான் இருக்கும்!" என்றது மீதி. சண்டை சூடு பிடித்தது. இரண்டு மூச்சு போயிற்று. இரண்டரை. மணிக்கட்டு அசையவில்லை. கத்திரி விரலை எடுக்கவில்லை. மூன்று, நான்கு. கடிகாரம் மணிக்கட்டைத் திருப்பினார், ஆனால் கண் அங்கே போகவில்லை.

முன்பல் இல்லாத சிறுமி நெற்றியைச் சுருக்கிக்கொண்டிருந்தாள். திடீரென்று முகம் விளக்கு போட்டாற்போல ஆயிற்று.

"தோல்தான் அதோட டயர்! நீச்சல் டயர்! அதைக் கழட்டிட்டான்!"

எல்லாச் சத்தமும் நின்றது. நாற்பது தலைகளும் அதை யோசித்தன. மணிக்கட்டு ஏறியது. கத்திரி தட்டினாள்.

தொப். உரித்த ஆரஞ்சு நேராக அடியில் போய் உட்கார்ந்தது.

அதன் பிறகு அரங்கத்தில் கேட்டதை எந்த மென்பொருளாலும் சுத்தம் செய்திருக்க முடியாது.

*

முடிவுப் பாட்டு ஆரம்பித்தது. பத்து நொடி ஓடியிருக்கும்.

"நிறுத்து, நிறுத்து!" என்றான் அசல் கோணவாயன். "பிள்ளைங்களா, ஒரு ரகசியம். என் பாட்டை ஒரு ஆள் கத்திரிச்சுட்டாங்க!"

"யாரு?"

"இந்தத் துணிக்குப் பின்னாடிதான் ஒளிஞ்சிருக்காங்க!"

"ஊஊ!" என்றது அரங்கம். கத்திரிக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. படத்தை நிறுத்தி, கணினியிலிருந்து கையை எடுத்துக் கட்டிக்கொண்டாள். பாடட்டும்.

தங்கை பாடினாள். முதல் சரணத்துக்குப் பிள்ளைகள் தலையாட்டினார்கள். இரண்டாவதற்குக் கைதட்டினார்கள். மூன்றாவது ஆரம்பிக்கிற இடத்தில் பின்வரிசையில் ஒரு தலை திரும்பியது. கத்திரி திரைச்சீலை இடுக்கு வழியே பார்த்தாள். அதே நொடியில் தங்கையின் மணிக்கட்டு தயங்கியது. அவளும் அதை உணர்ந்துவிட்டாள். சட்டென்று, "லல்லல்லா, அவ்வளவுதான், டாட்டா!" என்று முடித்துக் கும்பிட்டான் கோணவாயன்.

கைதட்டலுக்கு நடுவில் தங்கை திரைச்சீலைக்குள் வந்து விழுந்தாள், வியர்வையில் முகம் மின்ன.

"மூணாவது சரணம் வேண்டாம்தான்."

"ரெண்டாவதை நான் எடுத்திருக்கக் கூடாது."

"ஆமா, எடுத்திருக்கவே கூடாது. கல்நெஞ்சக்காரி" என்று அக்காவின் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். நடுவில் கோணவாயன் நசுங்கினான்.

"அப்பாடா. நான் தூதர் வேலையை ராஜினாமா பண்றேன்" என்றார் கணவர்.

திரைச்சீலை விலகியது. கடிகாரம் நின்றுகொண்டிருந்தார். முகத்தைப் பார்த்து ஒன்றும் சொல்ல முடியவில்லை.

"எல்லாம் ஏற்கெனவே திட்டம் போட்டதா?"

"இல்லை மேடம்" என்று கணவர் முந்திக்கொண்டார். "சத்தமில்லாத இடத்தையெல்லாம் நான்தான் தெரியாம எடுத்துட்டேன். இவங்க ரெண்டு பேரும் கையால திரும்ப வச்சாங்க."

முதல்முறையாகத் தலைவியின் முகத்தில் ஒரு சிரிப்பு எட்டிப் பார்த்தது. "அந்த டயர் பொண்ணு! நானும் உரிச்சா மிதக்கும்னுதான் நினைச்சேன். சரி, கேளுங்க. கோணவாயன் உண்டு. அடுத்த மாசத்திலிருந்து நேரலை. வாரா வாரம், பிள்ளைகளை எதிரே உட்கார வச்சு, இதே மாதிரி."

தங்கை பொம்மையைத் தூக்கிப் போட்டுப் பிடித்தாள். கணவர் மேஜையைத் தட்டினார்.

கடிகாரம் போகத் திரும்பியவர், நின்று, கத்திரியைப் பார்த்தார். குரலில் விரோதம் ஒன்றும் இல்லை. கணக்குக் கேட்பது போலத்தான் கேட்டார்.

"ஆனா ஒண்ணு. நேரலைன்னா வெட்டுறதுக்கு ஒண்ணும் இருக்காதே. நேரலைக்கு எடிட்டர் எதுக்கு? நீங்களே சொல்லுங்க."

துள்ளிக்கொண்டிருந்த பொம்மை தங்கையின் கையில் அப்படியே நின்றது. கணவர் வாயைத் திறந்தார். கத்திரி கையை உயர்த்தி அவரை நிறுத்தினாள்.

வெளியே பிள்ளைகள் வரிசையில் போய்க்கொண்டே "டயர், டயர்" என்று கத்துவது கேட்டது. கத்திரி ஒரு மூச்சு விட்டாள். இன்னொன்றும் விட்டாள்.

"கேள்வி கேட்டா, பதில் சொல்ல நேரம் கொடுக்கணும் மேடம்" என்றாள். "நாளைக்குக் காலையில உங்க ரூமுக்கு வந்து சொல்றேன்."

கடிகாரம் மணிக்கட்டைப் பார்த்தார். தலையை ஆட்டினார். போய்விட்டார்.

"நாளைக்குப் போய் என்னக்கா சொல்லப் போற?" என்று கிசுகிசுத்தாள் தங்கை.

"தெரியலை."

"எனக்குத் தெரியும்" என்றாள் தங்கை. அவள் கண்களில், சின்ன வயதில் எதையாவது உடைப்பதற்கு முன்னால் வருகிற அந்தப் பளபளப்பு. "ஆனா அதை நான் சொல்லமாட்டேன். இவன் வந்து சொல்வான்."

கோணவாயன் தலையைச் சாய்த்து, வாயைத் திறந்தபடி, அக்காவைப் பார்த்துக் காத்திருந்தான்.